கோல்டோவைச் சாக்காட்டின சனிக்கிழமை

ஸ்ரீதரன் கெட்ட மனிசன் இல்லை. அதை முதலிலயே சொல்லிவைக்க வேணும், பிறகு ஆரும் அவனைக் குறை சொல்லக்கூடாது. ரொறன்ரோவின்ர மல்வேர்ன் பக்கத்தில ஒரு செத்தவீடு எண்டால் முன்னுக்கு நிக்கிறது அவன்தான். ஐயரைப் பிடிக்கிறது, பியூனரல் ஹோமில நேரம் எடுக்கிறது, கார் இல்லாத கிழடுகளை ஏத்தி இறக்கிறது, வந்த சனத்துக்குத் தேத்தண்ணி ஊத்திறது எல்லாம் அவன்ர பொறுப்பு. எல்லாத்துக்கும் மேலால செய்தி சொல்லுறது. லண்டன், பாரிஸ், சிட்னி, கொக்குவில் எண்டு ஒரு சொந்தமும் விடுபடாமல் ரெலிபோன் அடிச்சு முடிச்சாப்பிறகுதான் அவன்ர வாயில பச்சைத்தண்ணி படும். அப்பிடிப்பட்ட மனிசன்தான் போன தை மாதம் ஒரு சனிக்கிழமை காலமை, உயிரோட இருந்த பக்கத்து வீட்டுக்காரரைச் சாக்காட்டிப்போட்டான். கத்தி, துவக்கு ஒண்டும் எடுக்கேல்லை. வாய் ஒண்டே காணுமாய் இருந்தது.

செய்தியில அவனுக்கு ஏன் இவ்வளவு அவதி எண்டு கேட்டால், அதுக்கும் ஒரு காரணம் இருக்கு. இடம்பெயர்ந்த காலத்தில அவன்ர தேப்பன் கிளிநொச்சிப் பக்கம் ஒரு கொட்டிலுக்குள்ள செத்துப்போனார். சண்டையால பாதை பூட்டு. ரெலிபோன் இல்லை. வவுனியாவுக்கு வந்த ஆரோ ஒரு ஆள் சொல்லி, அது கொழும்புக்குப் போய், கொழும்பில இருந்து ரொறன்ரோவுக்கு வரேக்க முப்பத்தோராம் நாள் அந்தியேட்டியும் முடிஞ்சுது. தேப்பன் செத்த கிழமை தான் என்ன செய்துகொண்டிருந்தவன் எண்டு ஸ்ரீதரன் பிறகு யோசிச்சுப் பார்த்தான். ஆரோ ஒராளின்ர பிள்ளையின்ர பேத்டே பார்ட்டியில மட்டன் றோல்ஸ் சாப்பிட்டவன். அண்டைக்குப் பிடிச்ச விசர்தான் இது. செய்தி பிந்தக்கூடாது. ஆருக்கும் பிந்தக்கூடாது.

இனிப் பக்கத்து வீட்டுக்காரருக்கு வருவம். அவற்ற பேர் கோல்டோ. மனிசி எதுர்னே. இரண்டு பேரும் பாஸ்க்காரர். ஸ்பெயினுக்கும் பிரான்சுக்கும் நடுவில மலையும் கடலுமாக் கிடக்கிற ஒரு துண்டு நிலத்து ஆக்கள். தனிப் பாசை இருக்கு, தனிக் கொடி இருக்கு, தனி நாடு மட்டும் இல்லை. ஸ்ரீதரன் அந்த ரவுன்ஹவுசுக்கு வந்த புதிசில, "நீங்கள் ஸ்பானிஷோ?" எண்டு கேட்டுப்போட்டான். கோல்டோ ஸ்நோ தள்ளுற சவளை ஊண்டி வைச்சுக்கொண்டு அரைமணித்தியாலம் விளங்கப்படுத்தினார். ஸ்ரீதரனுக்கு அரைமணித்தியாலம் தேவைப்படேல்லை. "நீ ஸ்ரீலங்கனோ?" எண்டு கேக்கிற ஆக்களுக்கு அவனும் உதே நீளத்தில மறுமொழி சொல்லுறவன்தான். அண்டையில இருந்து இரண்டு பேரும் நல்ல சிநேகிதம். கதைக்கிறது இங்கிலிஸ். இரண்டு பேருக்கும் சொந்தமில்லாத இங்கிலிஸ் எண்டபடியால் ஒருத்தருக்கும் வெக்கமில்லை.

ரொறன்ரோவில இருக்கிற பாஸ்க்காரர் எல்லாரையும் ஒரு ஸ்கூல் பஸ்சில ஏத்தினாலும் பின்சீற்று மிஞ்சும். மாதத்தில ஒரு ஞாயிறு ஒரு சேர்ச்சின்ர பேஸ்மன்றில கூடிச் சீட்டு விளையாடுவினம், பாடுவினம், சாப்பிடுவினம். அங்க ஆம்பிளையள்தான் சமைக்கிறது. உப்புப் போட்டுக் காயவைச்ச மீனை ஒரு நாளுக்கு மேல தண்ணியில ஊறப்போட்டு, உப்பெல்லாம் போனாப்பிறகு ஒலிவ் எண்ணெயில போட்டுச் சட்டியை ஆட்டி ஆட்டிச் சமைப்பார் கோல்டோ. "கருவாட்டில இருக்கிற உப்பைக் கழுவி ஊத்திப்போட்டுப் பேந்தென்ன கறி?" எண்டு ஸ்ரீதரன்ர மனிசி தவமணி முகத்தைச் சுழிச்சாள். ஆனால் ஆம்பிளையள் சமைக்கிற பகுதி அவளுக்கு நல்லாப் பிடிச்சுக்கொண்டது. வாரத்தில ஒருக்காவாவது அதைப் புருசனுக்கு ஞாபகப்படுத்துவாள்.

பழகி ஒரு வருசம் இருக்கும், கோல்டோ ஒரு பின்னேரம் ஆப்பிள் வைன் போத்தல் ஒண்டும் தன்ர வீட்டுக் கதவுத் திறப்பும் கொண்டுவந்து ஸ்ரீதரன்ர மேசையில வைச்சார்.

"எங்கட ஊரில ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு முதல் அயல் இருக்கும்" எண்டார். "சேர்ச்சுக்குப் போற பாதையில முதல் வாற வீடு. பிறப்போ சாவோ, முதல் செய்தி அந்த வீட்டுக்குத்தான். கூடப்பிறந்ததுகளுக்கும் அதுக்குப் பிறகுதான். இங்க எங்கட சேர்ச் மோர்னிங்சைட் பக்கம். அந்தப் பாதையில என்ர வீட்டைத் தாண்டினால் முதல் வாறது உன்ர வீடு."

"நாங்கள் சைவக்காரர் எல்லோ" எண்டான் ஸ்ரீதரன்.

"நான் வீட்டைச் சொன்னன். உன்ர கடவுளைச் சொல்லேல்லை."

பிறகு வைனைக் குடிச்சுக்கொண்டு முதல் அயலின்ர கடமையள் முழுக்கச் சொன்னார். ஒரு வீட்டில உயிர் போனால் மேல்மாடி யன்னலைத் திறந்துவிடுவினமாம், ஆத்துமா வெளிக்கிட்டுப் போக. முந்தின காலத்தில கூரையில ஒரு ஓடே கழட்டிவிடுறதாம். வீட்டுக்காரர் வாய் திறந்து ஒருத்தருக்கும் அறிவிக்கத் தேவையில்லை. முதல் அயல் யன்னலைக் கண்டு வருவான். குசினியை அவன்ர மனிசி எடுப்பாள், செய்தியை அவன் காவுவான். இதைக் கேட்ட ஸ்ரீதரனுக்குச் சந்தோசத்தில புளுகம் தாங்கேல்லை. தான் சும்மா செய்துகொண்டு திரிஞ்ச வேலைக்கு உலகத்தில ஒரு இடத்திலயாவது பதவியும் பேரும் இருக்கெண்டால் சும்மாவோ? அந்தப் புளுகத்தில, அதுக்குப் பிறகு கோல்டோ சொன்ன மிச்சத்தை அவன் வடிவாக் கேக்கேல்லை. கேட்டிருந்தால் இந்தக் கதையே இல்லை.

அந்த வெள்ளிக்கிழமை பின்னேரம் ஸ்ரீதரனும் தவமணியும் பக்கத்து நகரம் மார்க்கத்தில இருக்கிற தவமணியின்ர தமக்கை வீட்டை போயிட்டினம். திரும்பி வந்து படுத்ததுதான். சனி காலமை எழும்பி, மைனஸ் பதினெட்டுக் குளிருக்குள்ள ஸ்நோ தள்ள வெளியில வந்தவன், நிமிர்ந்து பார்த்தான். கோல்டோ வீட்டு மேல்மாடி யன்னல் விரியத் திறந்துகிடந்தது. கேர்ட்டின் வெளியில தொங்கி விறைச்சுப்போய் நிண்டது.

ஸ்ரீதரன் சவளை ஊண்டிப்போட்டுக் கிட்டப் போனான். கீழ பார்த்தான். வாசலில இருந்து றோட்டு வரைக்கும் சப்பாத்து அடியள், நடுவில சில்லுப் போன தடம். முன் வீட்டு றொனால்ட் காரில ஐஸ் சுரண்டிக்கொண்டு நிண்டான், மன்னார்க்காரன்.

"நேற்றுப் பின்னேரம் அம்புலன்ஸ் வந்தது அண்ணை" எண்டான் றொனால்ட். "போர்த்து மூடித்தான் கொண்டுபோனவங்கள். முகம்கூடத் தெரியேல்லை. மனிசி அழுதழுது பின்னால ஏறினவ."

தை மாதத்தில ஆஸ்பத்திரிக்குப் போற ஒரு வருத்தக்காரனைப் போர்க்காமல் வேட்டி கட்டியோ கொண்டுபோவினம்? அதை யோசிக்க ஸ்ரீதரனுக்கு நேரமில்லை. எதுர்னேயின்ர போனுக்கு அடிச்சான். அது பக்கத்து வீட்டுக்குள்ளயே மணியடிச்சுது. திறப்பை எடுத்துக்கொண்டு உள்ள போனான். குசினிப் பலகையில பாதி வெட்டின லீக்ஸ், பக்கத்தில அவவின்ர போன். மேல, கட்டில் குலைஞ்சு கிடந்தது. கார்ப்பெற்றில ஸ்நோ பூவாக் கொட்டிக்கிடந்தது. யன்னலைப் பூட்டக் கையை நீட்டினவன், திரும்ப எடுத்திட்டான். போற உயிரை மறிக்க அவன் ஆர்? அந்த அறைக்குள்ள நிண்டு, கோல்டோவின்ர செருப்புச் சோடியைப் பார்த்துப் பார்த்து விக்கி விக்கி அழுதான்.

வீட்டை வந்து சொன்னவுடன தவமணி கதிரையில இருந்திட்டாள். கொஞ்சநேரத்தால கண்ணைத் துடைச்சுக்கொண்டு, "ஆஸ்பத்திரிக்கு ஒருக்கா அடிச்சுக் கேளுங்கோவன்" எண்டாள்.

"எந்த ஆஸ்பத்திரி எண்டு கேக்கிறது? தெரிஞ்சாலும் சொந்தக்காரர் இல்லாத ஆக்களுக்கு அவங்கள் வாய் திறக்கமாட்டாங்கள்."

"எண்டாலும் கண்ணால காணாமல்..."

"இஞ்சேரும், யன்னல் திறந்துகிடக்கு. தை மாதத்தில ஆர் யன்னல் திறக்கிறது? அந்த மனிசி சொல்லவேண்டியதைச் சொல்லிப்போட்டுத்தான் போயிருக்கிறா. இனி என்ர கடமை."

"அவசரக்காரனுக்குப் புத்தி மட்டு" எண்டு தவமணி வாய்க்குள்ள சொன்னாள். ஆனால் அவளும் அழுதுகொண்டுதானே இருந்தவள். அதனால அந்தச் சொல்லில காரம் காணாது.

அவன் அடிச்சது நெறேயாவுக்கு. பாஸ்க்காரற்ற சங்கத்துச் செக்கிரட்டரி, கோல்டோ வீட்டுக்கு அடிக்கடி வந்துபோற ஐம்பது வயதுப் பிள்ளை. தொழில்முறையா, நிதானமா, எத்தினையோ தரம் சொல்லிப் பழகின குரலில அவன் செய்தியைச் சொன்னான். "வடிவாத் தெரியுமோ?" எண்டு நெறேயா கேட்டா. "மேல்மாடி யன்னல் திறந்திருக்கு" எண்டான். அந்தப் பக்கத்தில விம்மல் கேட்டுது. வேற ஆராவது எண்டால், யன்னல் திறந்திருந்தால் என்ன எண்டு கேட்டிருப்பினம். நெறேயா அந்த மலையில பிறந்து வளர்ந்தவ. அவவுக்கு அதுக்கு மேல கேள்வி இல்லை.

"பெகோன்யாவுக்கு அறிவிக்க வேணும்" எண்டா அழுதுகொண்டு. "அதை நான் பார்க்கிறன், ஸ்ரீ. நீங்கள் வீட்டைப் பாருங்கோ."

பெகோன்யா கோல்டோவின்ர தமக்கை. கூடப்பிறந்ததில மிஞ்சினது அவ ஒராள்தான். மலைக்கு மேல, அவை பிறந்த அதே வீட்டில தனிய இருக்கிறா. எண்பத்தஞ்சு வயது. நெஞ்சுக்குள்ள பற்றறி வைச்சிருக்கினம். ஞாயிறு தவறாமல் தம்பியோட கதைப்பா, தம்பியின்ர குரல் ஒரு நாள் அடைச்சிருந்தாலும் அடுத்த நாளும் எடுப்பா. அதெல்லாம் ஸ்ரீதரனுக்கு நல்லாத் தெரியும். தெரிஞ்சும் அந்த நேரம் அவனுக்குப் பட்டது ஒண்டுதான்: செய்தி பிந்தேல்லை.

அதுக்குப் பிறகு அந்த இரண்டு வீடும் செத்தவீடாப்போச்சு. தவமணி பெரிய சட்டியை இறக்கிச் சோறும் பருப்பும் மரக்கறியும் போட்டாள். ஸ்ரீதரன் கோல்டோ வீட்டு வாசலைச் சுரண்டி உப்புத் தூவி, ஹோலில சோபாவைத் தள்ளி, பேஸ்மன்றில இருந்து மடக்குக் கதிரையள் கொண்டுவந்து விரிச்சான். குனிஞ்சு நிமிர்ந்து நாரி முறிஞ்சுது. ஒரு கதிரையை விரிக்கிறதும், கோல்டோவை நினைக்கிறதும், மூக்கைச் சீறுறதுமா நிண்டான்.

மத்தியானம் ஒரு ரக்சி வந்து நிண்டது. எதுர்னே இறங்கினா. நேற்றைய உடுப்பு, கலைஞ்ச தலை. ஸ்ரீதரன் வாசலில இறங்கி, இரண்டு கையையும் நீட்டிக்கொண்டு, கண்ணீர் வழிய வழிய நடந்துபோனான். பின்னால தவமணி சேலைத் தலைப்பால வாயைப் பொத்திக்கொண்டு.

எதுர்னே அவனைப் பார்த்தா. மேல யன்னலைப் பார்த்தா. "கடவுளே, அதைப் பூட்ட மறந்துபோனன்" எண்டா. பிறகு திரும்ப அவனைப் பார்த்தா. "ஸ்ரீ, ஏன் அழுறாய்? தவமணிக்கு என்னவும் சுகமில்லையோ?"

"கோல்டோ..." எண்டான் அவன்.

"அவருக்கென்ன? மூச்சு எடுக்க ஏலாமல் காத்து வேணும், காத்து வேணும் எண்டார். யன்னலைத் திறந்துவிட்டன். அம்புலன்ஸ் வந்தவுடன போட்டது போட்டபடி ஓடினன். நெஞ்சில ஒரு குழாய் அடைப்பாம், ராத்திரியே ஸ்ரென்ற் வைச்சிட்டினம். செவ்வாய்க்கிழமை விடுவினம். காலமை சாப்பிடப் பச்சை நிற ஜெலோ ஜெலி குடுத்தவை, அதைப் பார்த்து மூண்டு பாசையில திட்டினார்."

ஸ்ரீதரன் அப்பிடியே ஸ்நோவுக்குள்ள குந்திட்டான். அழுகையும் சிரிப்பும் ஒண்டாய் வந்து மூச்சுத் திணறினது. "முருகா, முருகா" எண்டு நெஞ்சில கையை வைச்சுக்கொண்டான். தவமணி ஓடிப்போய் எதுர்னேயைக் கட்டிப்பிடிச்சு இரண்டு கன்னத்திலயும் கொஞ்சினாள். என்ன நடக்குது எண்டு விளங்காமலே எதுர்னேயும் அவளைக் கட்டிப்பிடிச்சா. உலகத்தில அவ்வளவு நல்ல ஜெலோ ஒருத்தரும் சாப்பிட்டிருக்க மாட்டினம் எண்டு ஸ்ரீதரனுக்குப் பட்டது.

அந்தச் சந்தோசம் ஒரு நிமிசம்தான். பிறகுதான் அவனுக்கு ஞாபகம் வந்தது. பெகோன்யா.

நெறேயாவுக்கு அடிச்சான். என்கேஜ். திரும்ப அடிச்சான், என்கேஜ். தவமணியைத் தனியக் கூப்பிட்டு, "எதுர்னேக்கு எப்பிடிச் சொல்லுறது?" எண்டான்.

"வாயாலதானே சாக்காட்டினனீங்கள். வாயாலதான் சொல்லவேணும். போங்கோ" எண்டாள் அவள்.

சொன்னான். ஒண்டையும் மறைக்கேல்லை. கேட்டுக்கொண்டு வந்த எதுர்னே, ஸ்ரீதரன் தன்ர புருசனைச் சாக்காட்டின இடத்தில சிரிச்சா. விரிச்சுக்கிடந்த கதிரையளைப் பார்த்து இன்னும் சிரிச்சா. பெகோன்யாவின்ர பேர் வந்தவுடன சிரிப்பு நிண்டது. "அவ தாங்கமாட்டா, ஸ்ரீ" எண்டு மட்டும் சொன்னா. உள்ள ஓடிப்போய்க் குசினி மேசையில கிடந்த தன்ர போனை எடுத்து மச்சாளின்ர வீட்டுக்கு அடிச்சா. மணி போய்க்கொண்டே இருந்தது. ஆரும் எடுக்கேல்லை. திரும்ப அடிச்சா. எடுக்கேல்லை.

ஒரு வீட்டில மணி அடிக்குது, அந்த வீட்டில ஒரு கிழவி இருக்கிறா, எடுக்கேல்லை. அந்த மணிச்சத்தத்தைக் கேட்டுக்கொண்டு நிண்ட நேரம் ஸ்ரீதரன் பட்ட பாடு ஆருக்கும் வரக்கூடாது. ஒருத்தரைச் சாக்காட்டினது பொய்யாப்போச்சு, மற்றவவை உண்மையாவே சாக்காட்டிப்போட்டனோ? தவமணி போய் மேல்மாடி யன்னலைப் பூட்டிப்போட்டு வந்து, எதுர்னேயின்ர கையைப் பிடிச்சுக்கொண்டு பக்கத்தில இருந்தாள். "எங்கட ஊரில ஒரு ஆள் செத்துப்போச்சு எண்டு பொய்க்கதை பரவினால் அந்த ஆளுக்கு ஆயுசு கூடும் எண்டு சொல்லுறவை" எண்டாள். "கோல்டோவுக்குச் சரி" எண்டா எதுர்னே. "பெகோன்யாவுக்கு?"

அப்பத்தான் வாசல் மணி அடிச்சுது. கதவைத் திறந்தால் நெறேயா. பின்னால கறுப்புக் கோட்டுப் போட்ட நாலைஞ்சு பாஸ்க்காரர், ஒராளின்ர கையில பெரிய அவரைக்கொட்டைச் சூப்புப் பானை. எதுர்னே அழுத முகம் இல்லாமல் நிமிர்ந்து நிக்கிறதைக் கண்டு எல்லாரும் வாசலிலயே நிண்டிட்டினம். எதுர்னே அவையின்ர பாசையில ஒரே ஒரு கேள்வி கேட்டா. அதில பெகோன்யாவின்ர பேர் ஸ்ரீதரனுக்கு விளங்கினது. நெறேயா எதுர்னேயையும் கதிரையளையும் ஸ்ரீதரனையும் மாறி மாறிப் பார்த்தா.

"கோல்டோ செத்துப்போகேல்லையோ?" எண்டா இங்கிலிசில.

"இல்லை. நீ பெகோன்யாவுக்குச் சொல்லிப்போட்டியோ?"

நெறேயா வாசல்படியிலயே இருந்திட்டா. கோட்டுப் பொத்தானைக் கழட்டிக் கழட்டிப் பூட்டினா. "நான் அவவுக்கு எப்பிடிச் சொல்லுறது?" எண்டா. "போனில சாவு சொல்லுறதோ? அது மரியாதையில்லை. நான் அவவின்ர முதல் அயலுக்கு அடிச்சன். யோசெபா. அவர்தான் போய்ச் சொல்லவேணும்."

"போயிட்டாரோ?"

"மாட்டன் எண்டிட்டார். அவரோடதான் இவ்வளவு நேரமும் வாய்த்தர்க்கம், வரேக்க காருக்குள்ளயும். சங்கத்துச் செக்கிரட்டரி சொன்னால் தான் போகமாட்டாராம். செத்தவன்ர முதல் அயல் தன்ர வாயால தனக்குச் சொல்லவேணுமாம். அதுதான் முறையாம். அது வரைக்கும் அந்த வாசலை மிதிக்கமாட்டாராம். சாவு சொல்லப் போடுற நல்ல கோட்டையும் போட்டுக்கொண்டு குசினிக்குள்ள இருக்கிறார். ஸ்ரீதரன்ர போனுக்காகப் பார்த்துக்கொண்டிருக்கிறார்."

இதுதான் அண்டைக்கு வைன் குடிச்சுக்கொண்டு கோல்டோ சொன்ன மிச்சம். ஒரு முதல் அயலின்ர வாயில இருந்து மற்ற முதல் அயலின்ர காதுக்கு. நடுவில வேற ஆக்கள் இல்லை. ஸ்ரீதரன் கேளாமல் விட்ட அந்த முறைதான் ஒரு கிழவியைக் காப்பாத்தி வைச்சிருந்தது. ஆனால் காப்பாத்தினது எண்டு சொல்ல இன்னும் நேரமில்லை. "அடியுங்கோ, கெதியா அடியுங்கோ" எண்டான் அவன்.

நெறேயா குசினிக்குள்ள வந்து அடிச்சு ஸ்பீக்கரில போட்டா. முதல் மணியிலயே எடுத்தாச்சு. கரகரத்த குரல், ஆறி அமர்ந்த பேச்சு. நெறேயா நடுவில நிண்டு இரண்டு பக்கமும் சொல்லிக்குடுத்தா.

"கோல்டோவின்ர முதல் அயல் நீதானோ எண்டு கேக்கிறார்."

"ஓம். நான்தான்."

"எந்த வீடு எண்டு கேக்கிறார். வீட்டின்ர பேர். எங்கட ஆக்கள் வீட்டுப் பேரை வைச்சுத்தான் ஆளை அறியிறது."

ரவுன்ஹவுசுக்கு என்ன பேர்? அவனுக்கு வாயில வந்தது கோண்டாவிலில அவன்ர தேப்பன்ர வளவின்ர பேர். "இலந்தையடி" எண்டான். அந்தக் குரல் அதைத் தட்டுத்தடுமாறி ஒருக்காச் சொல்லிப் பார்த்தது. பிறகு அடுத்த கேள்வி வந்தது. நெறேயா மொழிபெயர்க்க முந்தியே அவனுக்கு அது விளங்கிப்போச்சு.

"கோல்டோ செத்துப்போனானோ எண்டு கேக்கிறார்."

"இல்லை" எண்டான் ஸ்ரீதரன். "உயிரோட இருக்கிறார். நெஞ்சில வருத்தம் வந்தது, மாறிட்டுது. நான்தான் பிழையாச் சொன்னன். கண்ணால காணாமல் சொல்லிப்போட்டன்."

நெறேயா அதைத் தங்கட பாசையில சொன்னா.

"திரும்பச் சொல்லட்டாம்."

"உயிரோட இருக்கிறார்."

கதிரை இழுபடுற சத்தம் கேட்டுது. யோசெபா என்னவோ வேகமாச் சொன்னார். நெறேயா சிரிக்கத் துவங்கினா. கண்ணீரைத் துடைச்சுக்கொண்டு சொன்னா: "கோட்டைக் கழட்டி எறிஞ்சிட்டாராம். நல்ல கோட்டோட போய் வாசலில நிண்டால் பெகோன்யா அவரைக் கண்டே செத்துப்போவாவாம். மாட்டுப்பட்டி உடுப்போட போறாராம். தம்பிக்கு வருத்தம் வந்து சுகமானதும் ஒரு செய்திதானாம், அதையும் முறையாச் சொல்லவேணுமாம். உங்களைப் போனை வைக்கவேண்டாமாம்."

அந்தக் குசினிக்குள்ள அத்தினை பேரும் போனைச் சுத்தி நிண்டினம். கல்லுப் பாதையில சப்பாத்து மிதிக்கிற சத்தம். ஒரு நாய் குலைச்சுது. யோசெபா மூச்சு வாங்க வாங்க நாயைப் பேசினார். பிறகு கதவு தட்டுற சத்தம். ஒருத்தரும் வரேல்லை. திரும்பத் தட்டினார். எதுர்னே ஸ்ரீதரன்ர கையை நோகப் பிடிச்சா.

கதவு திறந்தது. ஒரு கிழவியின்ர குரல், நல்ல உரத்த குரல், ஆரோடயோ சண்டை கொழுவப்போற குரல். "கோழிக்கூட்டடியில நிண்டவவாம்" எண்டு நெறேயா மெல்லமாச் சொன்னா. "ராச்சாப்பாட்டு நேரத்தில உனக்கென்ன இங்க வேலை எண்டு கேக்கிறா."

யோசெபா இரண்டு மூண்டு வசனம் சொன்னார். கிழவியின்ர குரல் அடங்கினது. போன் கை மாறுற சத்தம் கேட்டுது.

நெறேயா போனை ஸ்ரீதரன்ர கையில குடுத்தா. "சொல்லுங்கோ" எண்டா.

என்ன பாசையில சொல்லுறது எண்டு அவன் யோசிக்கேல்லை. "அக்கா" எண்டான். "உங்கட தம்பி உயிரோட இருக்கிறார். ஒண்டுக்கும் பயப்பிடாதேங்கோ. உயிரோட இருக்கிறார்."

எதுர்னே பக்கத்தில நிண்டு அதைத் தங்கட பாசையில சொன்னா. அந்தப் பக்கத்தில பெகோன்யா சிரிச்சா, அழுதா, தம்பியைப் பேசினா, திரும்ப அழுதா. நெறேயா மொழிபெயர்க்கேல்லை. மொழிபெயர்க்கச் சொல்லி ஒருத்தரும் கேக்கவும் இல்லை.

ஸ்ரீதரன் தன்ர வாழ்க்கையில எத்தினையோ வீட்டுக்குச் செய்தி சொன்னவன். சண்டைக் காலத்தில, ஆளைக் காணேல்லை எண்டு தேடிக்கொண்டிருந்த தாய்மாருக்கு, தேட வேண்டாம் எண்டு சொன்னதும் அவன்தான். அவையள் எல்லாரும் அவன் சொல்லி முடிக்க முந்தி ஒரே கேள்வியைத்தான் கேட்டவை. "வடிவாத் தெரியுமோ தம்பி? பிழையா இருக்காதோ?" ஒருத்தருக்கும் அவனால ஓம், பிழைதான் எண்டு சொல்ல முடியேல்லை. பொய்யாப்போன ஒரு சாவு அவன்ர கையில வந்தது இதுதான் முதல் தரம். அவன் அழுதுகொண்டு நிண்டான்.

பெகோன்யா போனில என்னவோ கேட்டா. நெறேயா சொன்னா: "வடிவாத் தெரியுமோ எண்டு கேக்கிறா."

தவமணி அவன்ர தோளில கையை வைச்சு, "காணும், போனை எதுர்னேயிட்டக் குடுங்கோ" எண்டாள். அவன் குடுக்கேல்லை. இரண்டு கையாலயும் போனைப் பிடிச்சுக்கொண்டான்.

"ஓம் அக்கா" எண்டான். "வடிவாத் தெரியும். உயிரோட இருக்கிறார்."